அம்மாவின் கண் மருந்தும் பாண்டியின் கண்ணும்



சரிபார்க்காத எதையும் காற்றில் விடாதே. தொடர்புத்துறை படித்தபோது எங்கள் விரிவுரையாளர் முதல் வகுப்பிலேயே சொன்ன பாடம் இது. பத்து வருடத்துக்கும் மேலாக மைக் முன்னால் உட்காருகிறேன். நேயர் ஒருவர் அழைத்து வைத்தியக் குறிப்பு சொன்னால், "மருத்துவரிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள்" என்று ஒரு வரி சேர்க்காமல் விட்டதில்லை. அந்தப் பாடத்தை வானொலியில் நான் மீறவில்லை. கைப்பேசியில் மீறிவிட்டேன், அதுவும் சொந்த அம்மாவிடம்.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம். ஜாசினிலிருந்து அம்மா போன் செய்தார். "பாண்டி ஒரு கண்ணைத் தொறக்கவே மாட்டேங்குது. தண்ணியா ஊத்துது. என்னோட கண்ணு மருந்து ஃபிரிட்ஜ்ல இருக்கு, போடவா?"

அம்மாவுக்கு அப்போதுதான் வலது கண்ணில் கண்புரை அறுவை முடிந்து மூன்று வாரம். பாண்டி அவருடைய பூனை. தாமானுக்குப் பின்னால் இருக்கும் செம்பனைத் தோட்டத்திலிருந்து ஒரு மழை நாளில் தானாக வந்து சேர்ந்தவன். நான் கோலாலம்பூரில் ஒரு நிகழ்ச்சிக்குக் கிளம்பிக்கொண்டிருந்த அவசரத்தில் சொன்னேன்: "அதுவும் கண்ணு மருந்துதானேம்மா. ஒரு சொட்டுப் போடுங்க, ஒன்னும் ஆகாதுலா."

திங்கள் இரவு வீட்டுக்குப் போனபோது பாண்டி அலமாரிக்கு அடியில் இருந்தான். இரண்டு நாளில் ஆறு முறை மருந்து போட்டிருக்கிறார் அம்மா, நேரம் தவறாமல். கண் சரியாகவில்லை. பளிங்கு மாதிரி இருக்க வேண்டிய கருவிழியில் நீல நிறத்தில் ஒரு மங்கல். வெளிச்சம் பட்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

மறுநாள் காலை மலாக்கா நகரில் ஒரு கால்நடை மருத்துவரிடம் போனோம். அவர் முதலில் கேட்டது, "வீட்டுல ஏதாவது போட்டீங்களா?" நானும் அம்மாவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். அம்மாதான் கைப்பையிலிருந்து அந்தக் குட்டி பாட்டிலை எடுத்து மேசைமேல் வைத்தார். மருத்துவர் பெயரைப் படித்துவிட்டுத் தலையசைத்தார். அதில் கிருமிக்கொல்லியோடு ஸ்டீராய்டும் இருந்தது.

பிறகு பாண்டியின் கண்ணில் ஆரஞ்சு நிறச் சாயம் ஒன்றைத் தொட்டு வைத்தார். அறை விளக்கை அணைத்து, நீல விளக்கைப் பிடித்தார். கருவிழியின் நடுவில் பச்சையாக ஒரு புள்ளி ஒளிர்ந்தது. "இது கருவிழிப் புண். லாலாங் புல்லு கீறியிருக்கலாம், இன்னொரு பூனையோட நகம் பட்டிருக்கலாம். சின்னதாத்தான் ஆரம்பிச்சிருக்கும். ஸ்டீராய்டு அதை ஆற விடல."

கண்புரை மருந்து செய்த வேலை

அன்று மருத்துவர் விளக்கியதையும், அதன் பிறகு நான் தேடிப் படித்ததையும் சேர்த்துச் சொல்கிறேன். கண்புரை அறுவைக்குப் பிறகு நம் பெரியவர்களுக்குத் தரும் சொட்டு மருந்தில் ஸ்டீராய்டு இருப்பது வழக்கம். அறுவையால் வரும் வீக்கத்தை அடக்க அது அவசியம். அம்மாவின் கண்ணுக்கு அது நல்ல மருந்துதான்.

ஆனால் கருவிழியின் மேல்தோல் கிழிந்திருக்கும்போது கதை வேறு. வீக்கத்தை அடக்கும் அதே மருந்து, புண்ணை மூட வரும் உடலின் வேலையையும் அடக்கிவிடுகிறது. கிருமிக்கு வழி கிடைக்கிறது. புண் ஆழமாகிறது. மோசமான நிலையில் கருவிழித் திசுவே கரைந்து துளை விழுந்துவிடலாம். அப்படி ஆனால் பல நேரம் கண்ணையே எடுக்க வேண்டி வரும். பூனைகளுக்கு வரும் ஹெர்பிஸ் கிருமி உள்ளே உறங்கிக் கொண்டிருந்தால் அதையும் ஸ்டீராய்டு எழுப்பிவிடும்.

சிவந்த கண் எல்லாம் பார்க்க ஒரே மாதிரி இருக்கும். புண் இருக்கிறதா இல்லையா என்பது அந்தச் சாயம் போட்டுப் பார்த்தால்தான் தெரியும். அது வீட்டில் முடியாது. இந்த வாரப் பத்தியின் சாரமே இதுதான். பூனையின் கண்ணை வீட்டில் சுத்தம் செய்யலாம். என்ன நோய் என்று வீட்டில் முடிவு செய்யக் கூடாது.

ஒற்றைக்கண்ணன்கள்

நான் பிறந்தது ஜாசின் பக்கம் ஒரு பால்மரத் தோட்டத்தில். லயத்து வீடுகளில் பூனை வளர்த்தார்கள் என்று சொல்ல முடியாது, பூனைகள் இருந்தன. எலிக்கு அவை வேண்டும். மீன் முள்ளும் மிச்சச் சோறும் அவற்றுக்கு வேண்டும். கணக்கு அவ்வளவுதான்.

அந்தப் பூனைகளில் எப்போதும் ஒன்றிரண்டு ஒற்றைக்கண்ணோடு திரியும். ஒரு கண் வெள்ளையாகவோ, சுருங்கி ஒட்டிப்போயோ இருக்கும். பிள்ளைகள் நாங்கள் "ஒத்தக்கண்ணா" என்று கூப்பிடுவோம். பிறவியிலேயே அப்படி என்று நினைத்துக்கொண்டோம். யாரும் காரணம் கேட்கவில்லை.

காரணம் பெரும்பாலும் குட்டிப் பருவத்தில் வரும் பூனைச் சளி என்று இப்போது தெரிகிறது. குட்டி தும்மும், மூக்கு ஒழுகும், கண் பீளை கட்டி ஒட்டிக்கொள்ளும். பால் குடிக்கிற குட்டிக்குக் கண் திறக்கவே ஏழிலிருந்து பதினான்கு நாள் ஆகும். திறப்பதற்கு முன்பே உள்ளே சீழ் கட்டினால், மூடிய இமை புடைத்துக்கொண்டு நிற்கும். வெளியேற வழி இல்லாத சீழ் கண்ணைத் தின்றுவிடும். அந்த ஒற்றைக்கண்ணன்களில் பலர் விதியால் அப்படி ஆனவர்கள் இல்லை. யாராவது முதல் வாரத்தில் கவனித்திருந்தால் இரண்டு கண்ணோடு இருந்திருப்பார்கள்.

இன்றும் தாமானில், கடைத்தெருவில், கோயில் மடப்பள்ளிக்குப் பின்னால் குட்டிகள் பிறந்துகொண்டுதான் இருக்கின்றன. அடுத்த முறை ஒட்டிய கண்ணோடு ஒரு குட்டியைப் பார்த்தால் "பாவம்" என்று சொல்லிவிட்டு நகராதீர்கள். மூடிய இமை புடைத்திருந்தால் அன்றே மருத்துவரிடம் கொண்டுபோங்கள்.

எது சாதாரணம், எது இல்லை?

காலையில் நமக்கு வருவது போலவே பூனைக்கும் மூக்கோரத்துக் கண் முனையில் பழுப்பு நிறத்தில் கொஞ்சம் பீளை காய்ந்திருக்கும். அது சாதாரணம். பெர்சியன் போன்ற சப்பை மூக்குப் பூனைகளுக்குக் கண்ணீர்க் குழாய் வளைந்து நெருங்கி இருப்பதால் நீர் வெளியே வழிந்துகொண்டே இருக்கும். கன்னத்தில் பழுப்புக் கறை படியும். அவற்றுக்குத் தினமும் துடைத்துவிடுவது குளிப்பாட்டுவது போல ஒரு வழக்கமாக இருக்க வேண்டும்.

கவனிக்க வேண்டியவை வேறு. பீளை மஞ்சளாகவோ பச்சையாகவோ மாறுவது. இமையின் உட்புறம் சிவந்து வீங்குவது. காலால் முகத்தைத் தேய்த்துக்கொண்டே இருப்பது. மூக்கோரத்திலிருந்து வெள்ளையாக ஒரு சவ்வு ஏறிப் பாதிக் கண்ணை மூடுவது. அந்தச் சவ்வைப் பார்த்துப் பலர் பயந்துவிடுகிறார்கள். அது பூனையின் மூன்றாவது இமை. எல்லாப் பூனைக்கும் உண்டு. உடம்பு சரியில்லாதபோதோ கண் வலிக்கும்போதோ வெளியே தெரியும்.

எல்லாவற்றிலும் முக்கியமானது கண்ணைச் சுருக்குவது. பூனை ஒரு கண்ணை மட்டும் பாதி மூடிக்கொண்டிருந்தால், "கண்ணடிக்குது பாரு" என்று படம் எடுத்துக் குடும்பக் குழுவில் போடுகிறோம். அது வலி. பூனை வலியை வெளியே காட்டாத பிராணி. பல நேரம் கத்தாது, நொண்டாது, சோற்றைக்கூட விடாது. கண்ணைச் சுருக்குவதுதான் அப்போது அது நம்மிடம் சொல்லும் சொல்.

ஏன் வருகிறது?

பூனைகளின் கண் நோய்க்கு முதல் காரணம் ஹெர்பிஸ் கிருமி. மனிதருக்கு வரும் ஹெர்பிஸ் வேறு, இது வேறு. இது நம் மேல் தொற்றாது. குட்டியில் ஒருமுறை பிடித்துவிட்டால், பெரும்பாலான பூனைகளில் அது நரம்பில் போய் உட்கார்ந்துகொள்ளும். வீடு மாறினால், புதுப் பூனை வந்தால், தீபாவளிக்கு ஊருக்குப் போகும்போது பூனை விடுதியில் விட்டுவிட்டுப் போனால், அந்த மன அழுத்தத்தில் மறுபடி கிளம்பும். "வருசா வருசம் இந்த நேரத்துக்குக் கண்ணு வந்துடுது" என்று சொல்லும் வீடுகளில் பெரும்பாலும் இதுதான் கதை.

அடுத்தது கிளமிடியா என்ற நுண்ணுயிர். ஒரு கண்ணில் தொடங்கிச் சில நாளில் மறு கண்ணுக்கும் போகும். இமையின் உள்தோல் பஞ்சு மாதிரி வீங்கும். இதற்குச் சொட்டு மருந்து மட்டும் போதாது. மருத்துவர் சில வாரங்களுக்கு வாய்வழி மருந்து தருவார். பாதியில் நிறுத்தினால் திரும்பி வரும். அரிதாக மனிதரின் கண்ணுக்கும் தொற்றக்கூடும் என்பதால் தொட்டபின் கை கழுவுவது கட்டாயம்.

இன்னொரு காரணம் நம் வீட்டுக் காற்று. கொசுவத்திச் சுருள், வெள்ளிக்கிழமை சாம்பிராணி, ஊதுபத்தி, தரை துடைக்கும் திராவகத்தின் நெடி. நாம் நின்றுகொண்டு சுவாசிக்கிறோம். பூனை தரையோடு தரையாக, கொசுவத்தித் தட்டுக்குப் பக்கத்திலேயே படுத்திருக்கிறது. 2015 அக்டோபரில் புகைமூட்டத்தால் மலாக்கா உட்படச் சில மாநிலங்களில் பள்ளிகளை மூடினார்கள், நினைவிருக்கிறதா? பிள்ளைகளை வீட்டுக்குள் வைத்துக் கதவைச் சாத்தினோம். அதே நாட்களில் பூனைகள் வெளியே திரிந்துகொண்டிருந்தன. புகைமூட்டம் வந்தால் அவற்றையும் உள்ளே அழைத்துக்கொள்ளுங்கள்.

தோட்டப்புறத்தில் இருப்பவர்களுக்குத் தனியாக இரண்டு விஷயம். ஒன்று, பால் உறைய வைக்கும் பார்மிக் அமிலமும் களைக்கொல்லியும். சிறுதோட்டம் வைத்திருக்கும் வீடுகளில் இவை வீட்டுக்குப் பின்னாலேயே இருக்கும். கண்ணில் பட்டால் சில நிமிடங்களிலேயே கருவிழி வெந்துவிடும். இரண்டாவது, நாகம். நம் நாட்டில் விஷத்தைத் துப்பும் கருநாகம் உண்டு. செம்பனைத் தோட்டத்தில் எலி அதிகம். எலிக்காகப் பாம்பும் வரும், பூனையும் போகும். பூனை திடீரென்று இரண்டு கண்ணையும் இறுக மூடிக்கொண்டு வாயில் நுரையோடு ஓடிவந்தால் இதையும் நினைத்துப் பாருங்கள்.

அமிலமோ, மருந்தோ, விஷமோ, எது பட்டிருந்தாலும் முதல் வேலை ஒன்றுதான். சுத்தமான குழாய்த் தண்ணீரை மெதுவாக, விடாமல், பதினைந்து இருபது நிமிடம் கண்ணில் ஓடவிடுங்கள். பிறகு நேரே மருத்துவரிடம் போங்கள். மருந்துக் கடையைத் தேடி அலையும் நேரம் அது இல்லை.

வீட்டில் செய்யக்கூடியது

கண் லேசாகச் சிவந்திருக்கிறது, நீர் தெளிவாக வழிகிறது, பூனை கண்ணை நன்றாகத் திறந்து வைத்திருக்கிறது, சாப்பிடுகிறது, விளையாடுகிறது என்றால் ஒரு நாள் சுத்தம் செய்து பார்க்கலாம்.

மருந்துக் கடையில் 0.9 சதவீத சேலைன் உப்பு நீர் சிறு குப்பிகளில் கிடைக்கும். அதுதான் சிறந்தது. வாங்கும்போது லேபிளைப் படியுங்கள். கண்ணில் போடும் லென்ஸைக் கழுவும் திரவமும் பக்கத்துத் தட்டிலேயே இருக்கும். அதில் கிருமிநாசினி கலந்திருக்கும், அது வேண்டாம். சேலைன் கிடைக்காத இரவு என்றால், கொதித்து ஆறிய தண்ணீர் போதும். உப்பை நீங்களே கலந்து அளவு தவறுவதைவிட வெறும் ஆறிய தண்ணீர் நல்லது.

கையைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். பூனையை ஒரு துண்டில், தோசையைச் சுருட்டுவது போலச் சுருட்டுங்கள், தலை மட்டும் வெளியே. உங்கள் மடியில், முதுகு உங்கள் வயிற்றைப் பார்த்தபடி வையுங்கள். எதிரே உட்கார்ந்து செய்தால் பூனை பின்னால் நழுவிவிடும். நூல் பிரியாத பஞ்சு வில்லையை வெதுவெதுப்பான நீரில் நனைத்து, காய்ந்த பீளையின் மேல் அரை நிமிடம் சும்மா வைத்திருங்கள். ஊறியதும் மூக்கோரத்திலிருந்து வெளிப்பக்கமாக ஒரே முறை துடையுங்கள். அந்த வில்லையைத் தூக்கிப் போடுங்கள். அடுத்த துடைப்புக்குப் புது வில்லை. நல்ல கண்ணை முதலில், நோய்க் கண்ணைக் கடைசியில். பீளையை நகத்தால் பிய்க்காதீர்கள். அதோடு இமையின் தோலும் வரும்.

ஒரு நாளைக்கு இரண்டு மூன்று முறை போதும். தினமும் ஒரே இடத்தில், ஒரே வெளிச்சத்தில் கைப்பேசியில் படம் எடுத்து வையுங்கள். "நேத்துக்கு இன்னிக்குப் பரவாயில்லையா" என்ற கேள்விக்கு நம் ஞாபகத்தைவிடப் படம் நேர்மையாகப் பதில் சொல்லும். மருத்துவரிடம் போனாலும் அது உதவும்.

வீட்டில் வேறு பூனைகள் இருந்தால் தட்டு, தண்ணீர்க் கிண்ணம், படுக்கை எல்லாம் தனித்தனியாக வையுங்கள்.

நம் வீட்டு வைத்தியங்கள்

இங்கே கொஞ்சம் சங்கடமான இடம். தாய்ப்பால் ஒரு சொட்டு, நந்தியாவட்டைப் பூ, விளக்கெண்ணெய், மஞ்சள் தண்ணீர், தேத்தண்ணீர், இளநீர். நம் வீடுகளில் கண்ணுக்கு என்று இருக்கும் பட்டியல் நீளம். என் பாட்டியும் இவற்றையெல்லாம் செய்தவர்தான். மருத்துவமனைக்குப் போவதென்றால் ஒரு நாள் சம்பளம் போன காலத்தில், கையில் இருந்ததை வைத்துப் பிள்ளைகளைக் காப்பாற்றியவர்களைக் கேலி செய்ய எனக்கு மனம் வராது.

ஆனால் ஒரு கேள்வியை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்: இது கிருமி நீக்கியதா? கண்ணுக்குள் போகும் எதுவும் கிருமி நீக்கியதாக இருக்க வேண்டும். தாய்ப்பாலும் இளநீரும் சத்துள்ளவை. புண்ணில் கிருமிக்கும் அதே சத்து. மஞ்சள் தண்ணீரில் கண்ணுக்குத் தெரியாத தூள் இருக்கிறது. ஏற்கனவே கீறல் உள்ள கருவிழியில் அது மணல் போட்டுத் தேய்ப்பது மாதிரி. தேத்தண்ணீரில் என்னென்ன இருக்கிறது என்பது தூள் கம்பெனிக்கே வெளிச்சம்.

கடை மருந்தும் அப்படியே. கண் சிவப்பை உடனே போக்கும் சொட்டு மருந்துகள் மனிதருக்கானவை. அவை இரத்தக் குழாயைச் சுருக்குபவை. பூனை முகத்தை நக்கி அதை விழுங்கினால் இதயத் துடிப்பு குறைந்து, இரத்த அழுத்தம் இறங்கித் துவண்டுவிடும். மனிதருக்கான கிருமிக்கொல்லிக் கண் களிம்புகள் சிலவற்றால் பூனைகளுக்குக் கடுமையான ஒவ்வாமை வந்ததும் உண்டு. வலிக்கிறதே என்று பாரசிட்டமால் கொடுத்துவிடாதீர்கள். அதை உடைத்து வெளியேற்றும் சக்தி பூனையின் கல்லீரலுக்கு இல்லை. நாம் தலைவலிக்குப் போடும் ஒரு மாத்திரை ஒரு பூனையைக் கொன்றுவிடும்.

லைசின் என்ற சத்துப் பொடியை ஹெர்பிஸுக்கு என்று பலர் வாங்குகிறார்கள். 2015இல் அதுவரை நடந்த ஆய்வுகளையெல்லாம் திரட்டிப் பார்த்த ஆய்வாளர்கள், அது பூனை ஹெர்பிஸைத் தடுக்கவும் இல்லை, தீர்க்கவும் இல்லை என்று எழுதினார்கள். அந்தக் காசைச் சேர்த்துத் தடுப்பூசிக்கு வைத்துக்கொள்ளலாம்.

எப்போது காத்திருக்கக் கூடாது?

கண்ணைச் சுருக்கினால், கருவிழி மங்கினால், கருவிழியில் குழியோ வெள்ளைப் புள்ளியோ தெரிந்தால், இரண்டு பாப்பாவும் வெவ்வேறு அளவில் இருந்தால், கண் வெளியே பிதுங்கினால், கண்ணுக்குள் இரத்தம் தெரிந்தால், அடிபட்டிருந்தால், சோறு விட்டுவிட்டால், அன்றே போக வேண்டும். இவை எதுவும் இல்லாமல் வெறும் சிவப்பும் நீரும்தான் என்றாலும், 24 மணி நேரத்தில் குறையவில்லை என்றால் போக வேண்டும். மஞ்சள், பச்சைப் பீளைக்கும் அதேதான்.

செலவுக் கவலை நியாயமானது. தனியார் கிளினிக் என்றால் போகும் முன்பே போன் செய்து, கண் பரிசோதனைக்கும் சாயப் பரிசோதனைக்கும் எவ்வளவு என்று கேளுங்கள். கேட்பதில் வெட்கம் இல்லை. அரசாங்கத்தின் கால்நடைச் சேவைத் துறைக்கும் போன் செய்து, உங்கள் மாவட்டத்தில் பூனைகளைப் பார்க்கிறார்களா, எந்த நாளில் என்று விசாரியுங்கள். சிக்கலான கண் நோய்க்கு செர்டாங்கில் புத்ரா பல்கலைக்கழகத்தின் கால்நடை மருத்துவமனை இருக்கிறது.

போகும்போது இரண்டு விஷயம் மறக்காதீர்கள். வீட்டில் எதைப் போட்டிருந்தாலும் அந்தப் பாட்டிலைக் கையோடு கொண்டுபோங்கள். திட்டுவார்களோ என்று மறைக்காதீர்கள். அம்மா அன்று அந்தப் பாட்டிலை மேசைமேல் வைக்காமல் இருந்திருந்தால், புண் ஏன் ஆறவில்லை என்று கண்டுபிடிக்கவே இன்னும் சில நாள் போயிருக்கும்.

குட்டியாக இருக்கும்போதே தடுப்பூசி போட்டுவிடுவது எல்லாவற்றையும்விட மலிவு. ஆறு முதல் எட்டு வாரத்தில் தொடங்கி, பதினாறு வாரம் ஆகும்வரை மூன்று நான்கு வாரத்துக்கு ஒருமுறை. தடுப்பூசி போட்டாலும் பூனைச் சளி வரலாம். ஆனால் கண்ணைப் பறிக்கும் அளவுக்கு வருவது குறையும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2015இல் நிறைவேறி 2017 ஜூலையில் நடைமுறைக்கு வந்த விலங்குகள் நலச் சட்டம், வளர்ப்பவர் தன் பிராணியை வலி, காயம், நோயிலிருந்து காக்க வேண்டும் என்று கடமையாகவே சொல்கிறது. சட்டத்துக்குப் பயந்து யாரும் பூனையை நேசிப்பதில்லை. ஆனாலும் "பூனைதானே" என்ற சொல்லை நாம் விட்டுவிடும் காலம் வந்துவிட்டது என்பதற்கு அது ஓர் அடையாளம்.

பாண்டி இப்போது

பாண்டிக்குப் பூனைக்கான கிருமிக்கொல்லிச் சொட்டு மருந்து, ஒரு நாளைக்கு நான்கு முறை. கழுத்தில் பிளாஸ்டிக் கூம்பு. அம்மா அதை ரேடியோ குழாய் என்றார். முதல் இரண்டு நாள் கூம்போடு கதவில் முட்டிக்கொண்டே நடந்தான். சொட்டு மருந்தைப் பின்பக்கமிருந்து, பூனை பார்க்காதபடி மேலேயிருந்து விடவேண்டும், பாட்டில் முனை கண்ணில் படக்கூடாது, இரண்டு மருந்து இருந்தால் நடுவில் ஐந்து நிமிடம் விடவேண்டும் என்று மருத்துவர் சொன்னதை அம்மா என்னைவிடச் சரியாகப் பிடித்துக்கொண்டார். தன் கண்ணுக்கு மூன்று வாரம் போட்ட பழக்கம்.

பதினொன்றாம் நாள் மறுபடி சாயம் போட்டுப் பார்த்தபோது பச்சை தெரியவில்லை. புண் மூடிவிட்டது. ஆனால் புண் ஆழமாகிவிட்டதால் கருவிழியில் குண்டூசித் தலை அளவுக்கு ஒரு வெள்ளைத் தழும்பு தங்கிவிட்டது. பார்வை இருக்கிறது, பல்லியை இன்னும் பிடிக்கிறான். சாயங்கால வெளிச்சத்தில் அவன் முகத்தைத் திருப்பும்போது அந்தப் புள்ளி தெரியும். நான் போனில் அவசரத்தில் சொன்ன ஒரு வரியின் அளவு அது.

அம்மா என்னைக் குறை சொல்லவே இல்லை. "நானும்தான் யோசிக்கல" என்றார். பிறகு ஃபிரிட்ஜ் கதவில் தன் மருந்தை ஒரு டப்பாவிலும் பாண்டியின் மருந்தை இன்னொரு டப்பாவிலும் பிரித்து வைத்தார். இரண்டின் மேலும் திறந்த தேதியை எழுதி ஒட்டியிருக்கிறார். திறந்து ஒரு மாதம் ஆன கண் மருந்தை யாருக்கும் போடக்கூடாது என்பது அவருக்கு இப்போது மனப்பாடம்.

போன வாரம் பக்கத்து வீட்டு அக்கா தன் பூனைக்கு ஏதாவது கண் மருந்து இருக்கிறதா என்று கேட்டு வந்தாராம். அம்மா ஃபிரிட்ஜைத் திறக்கவில்லை. ஒரு சேலைன் குப்பியும் நான்கு பஞ்சு வில்லையும் கொடுத்து, "கண்ணைச் சுருக்குதா பாருங்க. சுருக்குச்சுன்னா நாளைக்கு வரைக்கும் வச்சிருக்காதீங்க" என்று சொல்லி அனுப்பினாராம்.

அந்த வரியைத்தான் அன்று நான் அம்மாவிடம் சொல்லியிருக்க வேண்டும். அடுத்த வாரம் சந்திப்போம்.